தாமதமான புகாரும் சாட்சியின் நம்பகத்தன்மையும்: குற்றவியல் மேல்முறையீட்டில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

சம்பவம் நடந்து பல மாதங்கள் கழித்துப் போலிசில் புகார் கொடுத்தால் நீதிமன்றம் நம்பாது என்ற எண்ணம் சிங்கப்பூரில் நம்மவர் பலரிடம் ஊறிப்போயிருக்கிறது. அதனால் புகாரே கொடுக்காமல் இருந்துவிடுகிறவர்கள் ஒருபுறம். எதிர்த்தரப்பின் புகார் தாமதமாக வந்தது என்ற ஒரே வாதத்தை நம்பி மேல்முறையீட்டுக்குப் போகிறவர்கள் மறுபுறம். இருவருமே தவறாகப் புரிந்துகொண்டிருக்கிறார்கள். இங்கே பெரும்பாலான குற்றங்களுக்கு இத்தனை நாளுக்குள் புகார் கொடுத்தாக வேண்டும் என்ற காலவரம்பு கிடையாது. பாலியல் குற்றத்துக்கு ஆளானவர் உடனே புகார் கொடுத்தே தீரவேண்டும் என்ற பொதுவிதி எதுவும் இல்லை என்பதை 1996ஆம் ஆண்டிலேயே, அன்றைய தலைமை நீதிபதி யோங் பங் ஹாவ் ஒரு மேல்முறையீட்டில் தெளிவுபடுத்திவிட்டார். தாமதம் ஏன் நேர்ந்தது, அதற்குச் சொல்லப்படும் காரணம் ஏற்கக்கூடியதா என்பதையே நீதிமன்றம் ஆராய்கிறது.

ஆகவே முதல் தவறு, அந்தக் காரணத்தை ஆரம்பத்திலேயே சொல்லாமல் விடுவது. துவாஸில் வேலை செய்யும் ஓர் ஊழியரை மேற்பார்வையாளர் அடித்துவிட்டார் என்று வைத்துக்கொள்வோம். மருந்தகத்துக்கு அவரை அழைத்துச் சென்றதே அந்த மேற்பார்வையாளர்தான். பக்கத்தில் அவர் நின்றுகொண்டிருந்ததால் ‘வழுக்கி விழுந்துவிட்டேன்’ என்று ஊழியர் சொல்ல, மருத்துவரும் அப்படியே எழுதிவைக்கிறார். ஆறு வாரம் கழித்துச் சம்பளத் தகராறு முற்றிய பிறகே புகார் போகிறது. தற்காப்பு வழக்கறிஞர் குறுக்கு விசாரணையில் அந்த மருத்துவக் குறிப்பைத்தான் முதலில் எடுப்பார். வேலை அனுமதிச் சீட்டு போய்விடுமே என்ற பயம், வாங்கி வந்த கடன், அறையில் உடன் நின்றவர் யார் என்பது ஆகிய எல்லாம் முதல் வாக்குமூலத்திலேயே பதிவாகியிருந்தால், அந்தக் குறிப்பு வழக்கைக் கவிழ்த்துவிடாது. கூண்டில் ஏறி நெருக்கிக் கேட்ட பிறகுதான் அவை வெளிவருகின்றன என்றால், உண்மையான காரணங்கூடப் பின்னால் யோசித்துச் சொன்னதாகத் தோன்றிவிடும். அன்றிரவே தங்குவிடுதியில் நண்பரிடம் சொல்லியிருந்தால் அவரும் முக்கியமான சாட்சி. ஊரிலுள்ள மனைவிக்கு அனுப்பிய வாட்ஸ்அப் குரல்பதிவையும் அழித்துவிடக் கூடாது.

இதைவிடப் பெரிய கேட்டை விளைவிப்பது, தாமதத்தை ஈடுகட்டுவதாக நினைத்துக்கொண்டு சம்பவத்தைப் பெரிதாக்கிச் சொல்வது. ஒரு முறை தள்ளியது ‘பல முறை அடித்தார்’ என்று மாறும்போது, நடந்ததும் சேர்ந்தே சந்தேகத்துக்கு உள்ளாகிறது. சின்னஞ்சிறு முரண்பாடுகளை நீதிபதிகள் பொருட்படுத்துவதில்லை. நினைவு மங்கும் என்பதை அவர்கள் அறிவார்கள். குற்றச்சாட்டின் மையத்தைத் தொடும் முரண்பாடே ஆபத்தானது. குடும்பத்தார் கூடி உட்கார்ந்து ‘எல்லாரும் இப்படியே சொல்லுங்கள்’ என்று பேசிவைத்துக்கொள்வதும் அப்படித்தான்: மூன்று சாட்சிகள் சொல் மாறாமல் ஒன்றையே ஒப்பிக்கும்போது, மூவரின் சாட்சியமும் வலுவிழக்கிறது. வாக்குமூலத்தைப் பொறுத்தவரை, தெரிந்த மொழியில் வாசித்துக் காட்டச் சொல்லிக் கேட்டுத் திருத்திய பிறகே கையெழுத்திட வேண்டும். தமிழ் மொழிபெயர்ப்பாளர் வேண்டும் என்று கேட்பதில் கூச்சமே வேண்டாம்.

ஒரே ஒருவரின் சாட்சியத்தை வைத்துத் தண்டிக்க முடியாது என்று நினைப்பதும் பிழை. குறிப்பிட்ட எண்ணிக்கையில் சாட்சிகள் இருக்க வேண்டும் என்று நம் ஆதாரச் சட்டம் கேட்பதில்லை. வேறு எந்த ஆதரவும் இல்லாமல் அந்த ஒற்றைச் சாட்சியமே வழக்கின் முழு அடித்தளமாக இருக்கும்போது, அது வழக்கத்தை விஞ்சிய அளவுக்கு நம்பத்தக்கதாக இருக்க வேண்டும் என்று நீதிமன்றங்கள் எதிர்பார்க்கின்றன. இது தனியான, கூடுதலான ஒரு சுமையன்று. நியாயமான சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்க வேண்டும் என்ற அதே விதிதான் என்பதை மேல்முறையீட்டு நீதிமன்றம் 2020இல் மீண்டும் விளக்கியது.

விரைவாகக் கொடுத்த புகார் என்பதாலேயே அது உண்மையாகிவிடாது. திருட்டுக் குற்றத்துக்காக 26 மாதச் சிறைத்தண்டனை பெற்ற இந்தோனேசியப் பணிப்பெண் ஒருவரை உயர் நீதிமன்றம் 2020 செப்டம்பரில் விடுவித்ததை நம்மில் பலர் செய்திகளில் பின்தொடர்ந்தோம். அவரை வேலையிலிருந்து நீக்கிய இரண்டு நாளிலேயே முதலாளி தரப்பு புகார் கொடுத்திருந்தது. தம்மிடம் சட்டவிரோதமாக வேறிடத்தில் வேலை வாங்கியதை மனிதவள அமைச்சிடம் சொல்லப்போவதாக அந்தப் பணிப்பெண் கூறியிருந்த நிலையில், அந்தப் புகாருக்குப் பின்னால் முறையற்ற நோக்கம் இருந்ததாக நீதிபதி கண்டார். போலிசார் முதலாளியின் வீட்டுக்குச் செல்ல ஏறத்தாழ ஐந்து வாரம் ஆனதும், அதற்குள் பொருள்கள் யார் கையில் எப்படி இருந்தன என்ற கேள்வியும் தீர்ப்பில் எடைபோடப்பட்டன. ஆனால் ‘பொய்ப்புகார்’ என்று வெறுமனே சொன்னால் போதாது. பொய் சொல்லக் காரணம் இருந்தது என்பதற்குப் போதிய ஆதாரத்தைத் தற்காப்புத் தரப்பு முதலில் காட்ட வேண்டும்; காட்டிவிட்டால் அதை முறியடிக்கும் பொறுப்பு அரசாங்கத் தரப்பைச் சேரும்.

கடைசியாக, மேல்முறையீட்டையே மறுவிசாரணையாக நினைத்துக்கொள்வது. உயர் நீதிமன்ற நீதிபதி சாட்சிகளை மறுபடியும் அழைத்துக் கேட்பதில்லை. விசாரணைப் பதிவையும் கீழ் நீதிமன்றத்தின் தீர்ப்புக் காரணங்களையும் படித்தே முடிவெடுக்கிறார். சாட்சியை நேரில் பார்த்த நீதிபதியின் மதிப்பீட்டில், அது ஆதாரங்களின் எடைக்குத் தெளிவாக முரண்பட்டாலொழிய அவர் எளிதில் கைவைக்க மாட்டார். எனவே, ‘அந்தச் சாட்சி தடுமாறிப் பேசினார், நீதிபதி கவனிக்கவில்லை’ என்ற வாதத்துக்கு வலு குறைவு. சாட்சியம் தன்னுள்ளேயே ஒத்துப்போகிறதா, மருத்துவக் குறிப்பு, குறுஞ்செய்தி, கண்காணிப்புப் படம் போன்ற வெளி ஆதாரங்களோடு ஒத்துப்போகிறதா, உண்மைகளிலிருந்து பெற்ற முடிவு சரியா என்பனவற்றில் இரு நீதிமன்றங்களுக்கும் ஒரே வசதிதான். எழுந்து நிற்கும் மேல்முறையீடுகள் பெரும்பாலும் இங்கிருந்தே வலுப்பெறுகின்றன என்பது என் கருத்து. முதல் விசாரணையிலேயே கொடுத்திருக்கக்கூடிய ஆதாரத்தைப் பத்திரப்படுத்தி வைத்து மேல்முறையீட்டில் நீட்டினால் அதை ஏற்பதும் அரிது.

தண்டனை அல்லது உத்தரவு வந்த நாளிலிருந்து 14 நாளுக்குள் மேல்முறையீட்டு அறிவிப்பைத் தாக்கல் செய்துவிட வேண்டும். பதிவும் தீர்ப்புக் காரணங்களும் கையில் கிடைத்த பிறகு, மேல்முறையீட்டு மனுவுக்கு மேலும் 14 நாள். அந்த மனுவில் ‘தீர்ப்பு நியாயமற்றது’ என்று பொத்தாம்பொதுவாக எழுதாமல், தாமதத்துக்கான விளக்கம் எந்தெந்தச் சாட்சியத்தோடு எங்கே முரண்படுகிறது, அதை நீதிபதி எந்த இடத்தில் எடைபோடத் தவறினார் என்று குறிப்பாகச் சொல்ல வேண்டும். சொல்லாமல் விட்ட காரணத்தைப் பிறகு எழுப்ப நீதிமன்றத்தின் அனுமதி தேவைப்படும்.