அட்டையும் பென்சிலும் போதும்: கம்ப்யூட்டருக்கு நம் பேச்சைப் புரியவைப்பது எப்படி?

தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரில் உள்ள சாட்ஸ்வொர்த்தில் சனிக்கிழமைதோறும் தமிழ் வகுப்பு எடுக்கிறேன். வெள்ளிக்கிழமை ராத்திரி ஆனால் போதும், வகுப்பின் வாட்ஸ்அப் குழு டிங் டிங்கென்று அடித்துக்கொண்டே இருக்கும். பாதிப் பேர் "எத்தனை மணிக்கு?" என்பார்கள், மீதிப் பேர் "வரமாட்டேன்" என்பார்கள். "இதையெல்லாம் கம்ப்யூட்டரே பிரிச்சு வெச்சிடாதா ஆன்ட்டி?" என்று கிரேட் 10 படிக்கும் பெண் ஒருத்தி கேட்டாள். அவளுக்காக நடத்திய பாடம் இது. கம்ப்யூட்டர் வேண்டாம். வெட்டிய அட்டைகள், பென்சில், பெருக்கிப் பார்க்க போன், அவ்வளவுதான்.

கையாலா என்று முகம் சுளிக்காதீர்கள். 1913இல் ஆந்திரேய் மார்க்கோவ் என்ற ருஷ்யக் கணித அறிஞர் கவிஞர் புஷ்கினின் செய்யுளிலிருந்து 20,000 எழுத்துகளைக் கையாலேயே எண்ணினார். உயிர் 8,638, மெய் 11,362. ஓர் எழுத்துக்குப் பின் எது வரும் என்பது முந்திய எழுத்தைப் பொறுத்திருக்கிறதா என்று பார்க்கத்தான் அந்தப் பாடு. நீங்கள் தட்டும்போது அடுத்த சொல்லை எடுத்து நீட்டுகிறதே போன் கீபோர்டு, அதற்கு அவர்தான் பாட்டன்.

படி 1: செய்திகளைச் சேருங்கள்

முதலில் அனுப்பியவர்களிடம் அனுமதி கேளுங்கள். பெயரும் போன் நம்பரும் அட்டையில் ஏறக்கூடாது. தனிநபர் விவரங்களைக் காக்கும் போப்பியா சட்டம் இருக்கிறது என்பது ஒரு பக்கம். குழுவில் எழுதுகிறவர்கள் நம் சொந்தக்காரர்கள், அது இன்னொரு பக்கம்.

இணையத்தில் கிடைக்கும் தமிழை எடுத்துக்கொள்ளலாமே என்று தோன்றும். வேண்டாம். தென்னாப்பிரிக்க அரசமைப்புச் சட்டத்தின் 6ஆம் பிரிவு, மதித்துப் போற்ற வேண்டிய மொழிகளில் தமிழையும் பேர் சொல்லிக் குறிப்பிடுகிறது. ஆனால் இணையத்தில் குவிந்திருக்கும் தமிழ் பெரும்பாலும் கடல் தாண்டிய செய்தித்தாள் தமிழ். ஆடி மாதம் மாரியம்மனுக்கு நாம் வைக்கும் 'கூழ் பிரேயர்' அதில் எங்கே அகப்படப்போகிறது? நம் செய்தியைப் பிரிக்க நம் செய்திதான் வேண்டும்.

எட்டு செய்திகளை எடுத்து இரண்டு குவியலாக வைத்தோம்.

நேரக் குவியல்:
நாளைக்கு பிரேயர் எத்தனை மணிக்கு
கூழ் பிரேயர் எப்போ
கிளாஸ் எத்தனை மணிக்கு ஆரம்பம்
சனிக்கிழமை கிளாஸ் இருக்கா

லீவுக் குவியல்:
நாளைக்கு கிளாஸுக்கு வரமாட்டேன்
காய்ச்சல் வரமுடியாது
சனிக்கிழமை வேலை வரமாட்டேன்
பஸ் இல்லை வரமுடியாது

படி 2: எழுத்தைச் சீராக்குங்கள்

எங்கள் குழுவில் முக்கால்வாசிப் பேர் தமிழை ஆங்கில எழுத்தில்தான் தட்டுகிறார்கள். 'நாளைக்கு' என்ற ஒரே சொல்லை ஆளுக்கொரு விதமாக எழுதுவார்கள். நமக்கு ஒரே சொல், எண்ணுகிறவனுக்கு நாலு சொல். அதனால் எல்லாவற்றையும் தமிழ் எழுத்துக்கு மாற்றி, கேள்விக்குறி, எமோஜி எல்லாம் நீக்கிவிடுங்கள்.

பின்னாளில் இதை நிஜக் கம்ப்யூட்டரில் செய்தால் ஒரு குழி இருக்கிறது. எழுத்துகளைக் கம்ப்யூட்டரில் சேமிக்கும் பொது முறையான யூனிகோடில் 'கொ' என்பதை இரண்டு விதமாகச் சேமிக்கலாம்: 'க' உடன் 'ொ' என்ற ஒரே குறி, அல்லது 'ெ', 'ா' என்று இரண்டு குறிகள். திரையில் அச்சு அசலாக ஒன்றுபோலத் தெரியும். ஆனால் கம்ப்யூட்டர் இரண்டையும் வேறுவேறு சொல்லாக எண்ணும். எண்ணத் தொடங்குமுன் எல்லாவற்றையும் ஒரே வடிவுக்குக் கொண்டுவந்துவிடுங்கள்.

படி 3: எண்ணுங்கள்

சொல்லுக்கு ஓர் அட்டை. எந்தக் குவியலில் எத்தனை தடவை வந்தது என்று அதில் குறியுங்கள். நேரக் குவியலில் மொத்தம் 14 சொற்கள், லீவுக் குவியலில் 11. திரும்ப வந்ததைக் கழித்தால், இரண்டிலும் சேர்த்து வெவ்வேறு சொற்கள் 17. இந்த மூன்று எண்ணையும் போர்டில் பெரிதாக எழுதிவையுங்கள்.

படி 4: புதுச் செய்திக்கு மதிப்பெண்

இப்போது ஒரு புதுச் செய்தி: "நாளைக்கு கிளாஸ் எத்தனை மணிக்கு". இதை ஒவ்வொரு குவியலோடும் உரசிப் பார்க்க வேண்டும்.

ஒரு சொல் அந்தக் குவியலில் வந்த தடவையோடு 1 கூட்டுங்கள். அதைக் குவியலின் மொத்தத்தோடு 17 சேர்த்த எண்ணால் வகுங்கள். நேரக் குவியலுக்கு 14 + 17 = 31, லீவுக் குவியலுக்கு 11 + 17 = 28. எல்லாச் சொல்லுக்கும் வந்த விடைகளைப் பெருக்குங்கள்.

ஏன் அந்த 1? 'எத்தனை' லீவுக் குவியலில் ஒரு தடவையும் இல்லை. பூஜ்யத்தால் பெருக்கினால் எல்லாம் பூஜ்யம். குடம் பாலில் துளி விஷம் மாதிரி, தெரியாத ஒரு சொல் முழுச் செய்தியையும் கெடுத்துவிடும்.

நேரம்: 2 × 3 × 3 × 3 = 54, அதை 31ஆல் நாலு தடவை வகுக்க வேண்டும்.
லீவு: 2 × 1 × 1 × 1 = 2, அதை 28ஆல் நாலு தடவை வகுக்க வேண்டும்.

நேரக் குவியலின் மதிப்பெண் ஏறக்குறைய 18 மடங்கு அதிகம். வென்றது நேரம். இரண்டு குவியலிலும் நாலு நாலு செய்தி இருப்பதால் இதோடு நிறுத்தலாம். குவியல் அளவு வேறுபட்டால், மொத்தச் செய்திகளில் அந்தக் குவியலின் பங்கு எவ்வளவோ அதையும் பெருக்க வேண்டும்.

இந்த முறைக்கு 'நயீவ் பேய்ஸ்' என்று பேர். பேய்ஸ் என்றதும் வகுப்பு முழுக்கச் சிரிப்பு. பேய் இல்லை கண்ணுகளா, 18ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்தில் இருந்த பாதிரியார் தாமஸ் பேய்ஸ். 'நயீவ்' என்றால் வெகுளி. சொல்லுக்குச் சொல் உறவே இல்லை என்று நம்புகிற வெகுளி. ஆனாலும் மின்னஞ்சலில் குப்பையைப் பிரிக்க இந்த வெகுளி வெகுகாலம் உழைத்திருக்கிறது.

படி 5: தடுக்கி விழுங்கள்

எனக்குப் பிடித்த படி இதுதான். "நாளைக்கு வர முடியலை" என்று கொடுங்கள். 'வர', 'முடியலை' இரண்டுக்கும் அட்டை கிடையாது. கணக்குப் போட்டால் லீவு வெல்லும், ஏறக்குறைய 1.36 மடங்கு. பிள்ளைகள் கைதட்டினார்கள். நான் தட்டவில்லை. லீவுக் குவியல் சின்னது, 31க்குப் பதில் 28ஆல் வகுக்கிறோம், அதனால் வென்றது. விடை சரி, காரணம் தப்பு. நம்பாவிட்டால் "புளியோதரை யார் கொண்டுவர்றா" என்று கொடுத்துப் பாருங்கள். அதுவும் லீவு என்றே வரும்!

ஆகவே ஒரு விதி: செய்தியில் ஒரு சொல்லுக்குக்கூட அட்டை இல்லையென்றால் 'தெரியாது' என்று தனியே வையுங்கள்.

படி 6: சொல்லை வெட்டுங்கள்

'வரமாட்டேன்', 'வரமுடியாது' இரண்டுக்கும் உள்ளே 'வர' இருக்கிறது. கத்தரிக்கோலை எடுத்து அட்டையை 'வர' என்றும் 'மாட்டேன்', 'முடியாது' என்றும் வெட்டுங்கள். 'கிளாஸுக்கு' என்பதில் வாலை நறுக்கி 'கிளாஸ்' ஆக்குங்கள்.

சேர்த்து எழுதும் வழக்கம் நமக்கு மட்டும் இல்லை. எனக்குப் பிடிக்கும் என்பதை ஸூலுவில் 'ங்கியதாண்டா' என்று ஒரே சொல்லாக எழுதுவார்கள். செசோத்தோவில் அதையே 'கே ஆ ராதா' என்று மூன்றாகப் பிரித்து எழுதுவார்கள். இரண்டும் ஒரே குடும்பத்து மொழிகள், எழுதும் பழக்கம்தான் வேறு. ஸூலுச் சொல்லை உறுப்பு உறுப்பாகப் பிரிக்க யூனிசா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 'ஸுல்மார்ஃப்' என்ற மென்பொருளே செய்தார்கள். இதைச் சொன்னதும் பள்ளியில் ஸூலு படிக்கும் பிள்ளைகள் எனக்கு முன்னால் வெட்ட ஆரம்பித்துவிட்டார்கள்.

வெட்டியபின் லீவுக் குவியலின் மொத்தம் 15 ஆகிறது, வெவ்வேறு சொற்கள் அதே 17. 'வர' மட்டும் நாலு தடவை. இப்போது "நாளைக்கு வர முடியலை" மறுபடி:

நேரம்: 2 × 1 × 1, 31ஆல் மூன்று தடவை வகுத்தது.
லீவு: 2 × 5 × 1, 32ஆல் மூன்று தடவை வகுத்தது.

லீவு ஏறக்குறைய நாலரை மடங்கு. இந்தத் தடவை காரணமும் சரி. ஆனால் சும்மா கிடைக்கவில்லை: 'கிளாஸ்' இப்போது இரண்டு குவியலிலும் இருப்பதால், படி 4இல் 18 மடங்காக இருந்தது 15 ஆக இறங்கிவிட்டது. போட்டுப் பாருங்கள்.

படி 7: காட்டாத செய்தியில் சோதியுங்கள்

எண்ணிய செய்தியையே சோதிக்கக் கொடுப்பது, கேள்வித்தாளை வீட்டுக்குக் கொடுத்தனுப்பிப் பரீட்சை வைப்பது போல. பத்து செய்திகளைத் தொடக்கத்திலேயே உறையில் போட்டு ஒட்டிவிடுங்கள். கடைசியில் பிரித்துச் சரி, தப்பு போடுங்கள். தப்பு ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் காரணம் எழுத வேண்டும்.

எங்கள் உறையிலிருந்து வந்தது: "நான் வர லேட்டாகும்". 'வர' ஒன்றே ஒன்றை வைத்துக்கொண்டு நம் வெகுளி அடித்துச் சொன்னது: லீவு. வருகிறேன் என்றுதான் அந்தப் பிள்ளை சொல்கிறது! ஒரு சொல்லின் பொருளை அக்கம்பக்கத்துச் சொற்களோடு சேர்த்துப் பார்த்தால்தான் இது தீரும். 2017இல் வந்த, டிரான்ஸ்ஃபார்மர் என்ற கம்ப்யூட்டர் மொழி அமைப்பு அதைத்தான் செய்கிறது. அதற்கு எட்டு செய்தி போதாது, கோடிக்கணக்கில் வேண்டும்.

நமக்கு அட்டைகள்தானே இருக்கின்றன. 'லேட்' என்று மூன்றாவது குவியல் ஒன்று திறந்து, அதற்கு நாலு செய்தி தேடி, படி 3இலிருந்து மறுபடி எண்ணுங்கள். 17 மாறும், மறந்துவிடாதீர்கள்.