மூச்சுக்கல்: நம் கடற்கரைக் கதைக்கு, காலத்தை வளைக்கும் பொருளொன்றைப் படைக்கும் முறை

காலத்தை வளைக்கும் அரிய பொருளொன்றை வைத்துக் கதை எழுத முனைவோர் பெரும்பாலும் அதன் ஆற்றலை முதலில் தீர்மானித்துவிட்டு, அது எங்கே கிடக்கும், யார் கையில் அகப்படும் என்பதைப் பிறகுதான் தேடுகிறார்கள். கதை இராமநாதபுரம் கடற்கரையில் நடக்குமானால் அந்த வரிசையைத் திருப்பிப் போட வேண்டும். ஏனென்றால் ஆண்டுகளைத் தன் உடம்பில் அடுக்கி வைக்கும் ஒரு பொருள் இங்கே உண்மையாகவே கடலடியில் இருக்கிறது. நாம் செய்ய வேண்டியதெல்லாம் அதில் ஒரே ஒரு பொய்யைச் சேர்ப்பதுதான்.

அந்தப் பொருள் பவளம். பெரும்பாறைபோல் உருண்டு வளரும் போரைட்டஸ் வகைப் பவளம் ஆண்டுக்கு ஏறத்தாழ 1 சென்டிமீட்டர் வளர்கிறது. அடர்த்தி மிகுந்த பட்டை ஒன்றும் குறைந்த பட்டை ஒன்றும் சேர்ந்தால் ஓர் ஆண்டு. மரத்தின் வளையங்களைப் போல இவற்றையும் எண்ணலாம். ஆனால் வெறும் கண்ணுக்கு இவை எளிதில் புலப்படுவதில்லை. துண்டை மெல்லிய தகடாக அறுத்து எக்ஸ்-கதிர்ப் படம் எடுத்தால்தான் தெளிவாகத் தெரியும். கதைக்கு இந்த மறைவு பெரிய உதவி என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

இனி நம் கற்பனை. உள்ளங்கையில் அடங்கும், 8 சென்டிமீட்டர் தடிப்புள்ள ஒரு பவளத்துண்டு. அதில் எட்டு ஆண்டுகள் உறைந்திருக்கின்றன. கடல்நீருக்குள் அதை இறுகப் பிடித்திருப்பவருக்கு ஒரு மூச்சு ஒரு நாழிகையாக, அதாவது 24 நிமிடங்களாக நீள்கிறது. மேலே வள்ளத்தில் இருப்பவர்களுக்கோ ஒரு நிமிடம்கூடக் கழிவதில்லை. ஒவ்வொரு முறையும் கல்லின் வெளிப்பட்டை ஒன்று சுண்ணாம்பாக உதிர்கிறது. உதிர்ந்த ஆண்டு பிடித்தவரின் உடம்பில் ஏறிவிடுகிறது. கரையில் அது வெறும் கல். இந்தச் சில வாக்கியங்களுக்கு மேல் விதி வேண்டாம். வாசகர் தாமே கணக்குப் போட்டுப் பார்க்கக்கூடிய விதிதான் அச்சத்தை உண்டாக்கும். எட்டில் மூன்று போனால் மிச்சம் ஐந்து என்று அவர் மனத்துக்குள் எண்ணத் தொடங்கிவிட்டால் உங்கள் வேலை பாதி முடிந்தது.

இதைக் கண்டெடுப்பவர் யார் என்பதில் அவசரப்படாதீர்கள். முத்துக்குளிப்பவரும் அவருடைய கயிற்றைப் பிடித்திருக்கும் மைத்துனரும் என்ற இணை பழையது, அழகானது; ஆயினும் நான் பாம்பன், சின்னப்பாலம் பக்கத்துக் கடற்பாசிப் பெண்களையே தேர்ந்தெடுப்பேன். கண்ணாடியை மாட்டிக்கொண்டு, பாறை கிழிக்காமலிருக்க விரல்களில் துணியைச் சுற்றிக்கொண்டு, காற்றுக்குழாய் எதுவுமின்றி மூழ்கி, மரிக்கொழுந்துப் பாசியைப் பறித்துக்கொண்டு மேலே வரும் ஒரு பெண்ணுக்கு மூச்சின் நீளம்தான் அன்றைய கூலி. காலம் நீள்வது என்றால் என்ன என்பதை அவருக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை.

கல்லுக்குப் பெயர் வைக்கும்போதும் அவர் வாயிலிருந்தே பெயர் வரட்டும். 'காலவளைக்கல்' என்று அங்கே எவரும் சொல்லமாட்டார்கள். மூச்சைக் கொடுப்பதால் அது மூச்சுக்கல். விளைவையும் இப்படியே காட்டுங்கள். மேலே வந்து வள்ளத்தின் ஓரத்தைப் பிடிக்கிறவரைப் பார்த்து அண்ணன் மனைவி, "ஏத்தா, தலையில உப்புப் பூத்துக் கெடக்கு" என்கிறார். "உப்பு இல்ல மதினி" என்ற பதிலோடு நிறுத்திவிடலாம்.

கல் எங்கே கிடந்தது என்பதற்கு எனக்குப் பிடித்த இடம் பூவரசன்பட்டி. மன்னார் வளைகுடாவில் 1986-இல் கடல்சார் தேசியப் பூங்கா அமைக்கப்பட்டபோது அதில் 21 தீவுகள். கீழக்கரைப் பக்கத்துத் தீவுகளுள் ஒன்றான பூவரசன்பட்டி இன்று நீருக்கடியில் இருக்கிறது. முன்பு பவளப்பாறைகளை வெட்டி எடுத்ததும் அது அமிழ்ந்ததற்குக் காரணங்களுள் ஒன்றாகக் கூறப்படுகிறது. பெயர் மட்டும் மேலே நிற்க, நிலம் கீழே போய்விட்ட ஓரிடத்தைவிட இப்பொருளுக்கு ஏற்ற படுக்கை வேறில்லை. பாறை வளர்க்கும் பவளங்கள் 1972-ஆம் ஆண்டு வனவுயிர் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் உள்ளவை என்பதையும் மறவாதீர்கள். அந்தக் கல்லை முந்தானையில் முடிந்து வைத்திருப்பதே குற்றம் என்பதால், அவர் அதை எவரிடமும் காட்ட இயலாது.

இந்தக் கரையில் காலத்தைப் பற்றி எழுதும் எவருக்கும் ஓர் ஆசை வரும்: 1964 டிசம்பர் 22 புயல் இரவுக்குத் திரும்பிச் சென்று, தனுஷ்கோடியை நோக்கிப் போன அந்தத் தொடர்வண்டியை நிறுத்திவிட வேண்டும் என்ற ஆசை. அதற்கு இடம் கொடுக்க வேண்டாம். நூற்றுக்கும் மேற்பட்டோர் அந்த வண்டியோடு கடலில் போனார்கள். அவர்களை நினைத்து விளக்கேற்றும் வீடுகள் இருக்கும்போது, ஒரு கல்லைக் காட்டி அந்த இரவை மாற்றி எழுதுவது தகாது. மூச்சுக்கல் காலத்தை நீட்டுமே தவிரப் பின்னோக்கி நடத்தாது என்று விதியை நான் வகுத்ததற்கு முதற்காரணம் இதுவே.

முடிவுக்கான வித்தும் பவளத்திலேயே இருக்கிறது. 2010-லும் 2016-லும் மன்னார் வளைகுடாவின் நீர் சூடேறிப் பவளங்கள் பெருமளவில் வெளிறின. வெளிறிப் பிழைக்கும் பவளத்தின் வளர்ச்சி தடைபடும். அந்த ஆண்டின் பட்டை மெலிந்து போகும். அப்படியானால் மூச்சுக்கல்லிலும் மெலிந்த ஆண்டுக்கு மெலிந்த நாழிகைதானே கிடைக்க வேண்டும்? கடலடியில் கிடக்கும் அறுந்த வலையில் மதினியின் கால் சிக்கிக்கொள்கிறது. கத்தியோடும் கல்லோடும் இறங்கும் அந்தப் பெண் 24 நிமிடங்களை நம்பி ஒவ்வொரு கண்ணியாக அறுக்கிறார்; உதிரப்போவது 2016 என்பது அவருக்குத் தெரியாது. கடைசி இரண்டு கண்ணிகள் மிச்சமிருக்கும்போது விரலிடுக்கில் சுண்ணாம்பு கரைவதை அவர் உணரட்டும். அடுத்த பட்டையும் உடனே உதிர வேண்டும் என்று அவர் கல்லை மறுபடி இறுக்குகிறாரா, கையை விரித்து அதை விட்டுவிட்டு இரண்டு கைகளாலும் வலையைக் கிழிக்கிறாரா என்பதை நீங்கள் தீர்மானித்த பிறகே கதையின் முதல் வரியை எழுத உட்காருங்கள்.