பேனரைப் பெரிதாக்க கூட்டாதீர்கள், பெருக்குங்கள்

கோயில் கொடையும் ஆலயத் திருவிழாவும் நெருங்கினால் போதும், நாகர்கோவில், மார்த்தாண்டம் பக்கத்து பிளக்ஸ் கடைகளில் புதிதாக டிசைனுக்கு உட்காரும் பையன்கள் ஒரே கணக்கில்தான் சறுக்குகிறார்கள். எழுத்துப்பிழையைப் புரூஃபில் பிடித்துவிடலாம். இந்தப் பிழை பேனரைச் சட்டத்தில் அடித்த பிறகுதான் கண்ணில் படும்.

இரண்டு பக்கமும் ஒரே அளவைக் கூட்டுவது

டிசைன் அகலம் 4 அடி, உயரம் 6 அடி. அகலத்தை 6 ஆக்கச் சொல்கிறார் கஸ்டமர். "அங்க 2 கூட்டியாச்சு, இங்கயும் 2 கூட்டு" என்று 6க்கு 8 போட்டு இழுத்துவிடுகிறார்கள். அகலம் 1.5 மடங்கு, உயரமோ 1.33 மடங்குதான். விழாத் தலைவர் முகம் எட்டில் ஒரு பங்கு உப்பிவிடும், சங்கத்தின் வட்டச் சின்னம் முட்டையாகிவிடும். உயரத்தையும் 1.5ஆல் பெருக்கி 9 அடி வைக்க வேண்டும்.

நம்ம வள்ளுவர் சிலையில் பீடம் 38, சிலை 95, மொத்தம் 133 அடி. 7 அடி உயரப் படத்தில் பீடம் 2, சிலை 5. இரண்டிலும் ஓரடி கூட்டினால் 3, 6, வள்ளுவர் குள்ளமாகிவிடுவார். பீடம் 3 என்றால் சிலை ஏழரை.

"சட்டம் 6க்கு 8 அடிச்சாச்சே" என்பார்கள். அப்போதும் இழுக்கக் கூடாது. 6÷4 = 1.5, 8÷6 = 1.33. சின்னதை எடுத்தால் டிசைன் 5 அடி 4 அங்குலத்துக்கு 8 அடி. பக்கத்துக்கு 4 அங்குலம் மிஞ்சும், பின்னணி நிறத்தை அங்கே நீட்டுங்கள். பெரியதை எடுத்தால் 6க்கு 9. உயரத்தில் ஓரடி வெட்டுப்படும். மேலும் கீழும் எழுத்து இல்லாத டிசைனுக்கு மட்டுமே இது ஆகும். டிசைன் மென்பொருளில் நீள அகல விகிதம் மாறாமல் பிடித்து வைக்கும் பூட்டைத் திறந்து வைத்துக்கொண்டு மூலையைப் பிடித்து இழுக்கிற பழக்கத்தை மன்னிக்கவே முடியாது.

ஒன்றரை மடங்குக்கு ஒன்றரை மடங்கு விலை

4க்கு 6 என்பது 24 சதுர அடி. 6க்கு 9 என்பது 54, 36 அல்ல. பக்கம் 1.5 மடங்கானால் பரப்பு 1.5 × 1.5 = 2.25 மடங்கு. 36க்கு விலை சொன்னால் 18 சதுர அடி பிளக்ஸும் மையும் கடைக்காரர் தலையில்.

25% குறைத்து 25% கூட்டுவது

8 அடி 6 ஆகும், திரும்ப 7.5தான் வரும். 8÷6ஆல் பெருக்குங்கள்.

மடிப்பையும் பெருக்குவது

வேண்டாம். பேனர் எவ்வளவு பெரிதானாலும் சட்டத்தில் மடிக்க விடும் அங்குலம் அதேதான்.

5 அடி 6 அங்குலத்தை 5.6 என்று அடிப்பது

5.5.