அப்பாவின் மணத்தைப் போத்தலில் அடைப்பது எப்படி

அப்பாவுக்கு 84 வயது. மறதி நோய் வந்து மூன்று வருடமாகிறது. பின்னேரம் ஐந்து மணியானால் சாரத்தை மாற்றி நீளக் காற்சட்டை போட்டுக்கொண்டு, யாழ்ப்பாணம் போகும் யாழ்தேவி ரயிலுக்கு நேரமாகிவிட்டது என்று வாசலுக்கு வந்துவிடுவார். யாழ்தேவி காலையில் அல்லவா என்று சொல்லிப் பயனில்லை. போன வருடம் ஒரு நாள் நான் குசினியில் நின்ற பத்து நிமிடத்தில் ஆளைக் காணவில்லை. எங்கள் ஒழுங்கையின் முடிவில் தண்டவாளம், அதற்கு அப்பால் கடல். என் நிலைமையை யோசித்துப் பாருங்கள். கடைசியில் வெள்ளவத்தை ஸ்டேசன் வாங்கில் இருந்தார். கடலை விற்கும் தம்பி அடையாளம் கண்டு சொன்னதால் கிடைத்தார்.

அதற்குப் பிறகுதான் இந்த மணப்போத்தலைச் செய்தேன். ஆள் தொலைந்தால் நாய் மோந்து தேடுவதற்காக, அவருடைய உடல் மணம் ஏறிய துணியை அடைத்து வைக்கும் போத்தல் இது. உயர்தர வகுப்புக்கு 31 வருடம் இரசாயனவியல் படிப்பித்தவள் என்பதால் கொஞ்சம் பிடிவாதமாகவே செய்தேன். (மணம் என்றுதான் எழுதுவேன். வாடை என்றால் அப்பாவுக்குக் கோபம் வரும்.) அமெரிக்காவில் இது புதிய விஷயமல்ல. 2017 இல் புளோரிடாவில் வழிதவறிய மறதி நோயாளி ஒருவரை, இரண்டரை வருடத்துக்கு முன் மூடி வைத்திருந்த இப்படியொரு போத்தலை மோந்த பொலிஸ் நாய் சில நிமிடங்களில் கண்டுபிடித்தது.

எதை அடைக்கிறோம் என்பது முதலில் தெரிய வேண்டும். அப்பாவின் மணம் எது என்று எங்கள் வீட்டில் கேட்டால் ஆளுக்கொன்று சொல்வார்கள். தங்கச்சிக்கு நோவுக்குப் பூசும் சித்தாலேப. மகனுக்குச் சந்தனச் சவர்க்காரம். இவருக்குப் பழைய சுருட்டு. மாமனாரைப் பற்றி வேறென்ன சொல்வார். இவையெல்லாம் கடையில் விற்பவை. காலி வீதியில் 101 பஸ் ஏறினால் இவற்றில் ஒன்றாவது யாரிடமாவது இருக்கும்.

நாய்க்கு வேண்டியது இவற்றுக்கு அடியில் இருக்கிறது. சுரந்த வேர்வைக்குக் கிட்டத்தட்ட மணமே இல்லை. தோலில் குடியிருக்கும் பற்றீரியாக்கள் அதில் கைவைத்த பிறகுதான் மணம் பிறக்கிறது. கக்கத்துச் சுரப்பி விடும் ஒரு பொருளை ஸ்டபிலோகொக்கஸ் ஹொமினிஸ் என்ற பற்றீரியா உடைத்தால் கந்தகம் சேர்ந்த ஒரு அல்ககோல் வெளிவரும். நெரிசல் பஸ்ஸில் மேல் கம்பியைப் பிடித்து நிற்பவருக்குப் பக்கத்தில் நின்றவர்களுக்கு அதை நான் அறிமுகப்படுத்தத் தேவையில்லை. உள்ளங்கையில் அந்தச் சுரப்பியும் இல்லை, எண்ணெய்ச் சுரப்பியும் இல்லை. அங்கே வேறு கலவை. நெற்றியிலும் முதுகிலும் எண்ணெய் அதிகம். வயதானால் அந்த எண்ணெயில் உள்ள கொழுப்பமிலங்கள் காற்றுப்பட்டு 2-நோனினல் என்ற பொருளைத் தரும். 40 வயதைத் தாண்டியவர்களின் உடல் மணத்தில் அது இருப்பதை 2001 இல் ஜப்பானின் ஷிசெய்டோ ஆய்வாளர்கள் காட்டினார்கள். கொஞ்சம் எண்ணெய்ப் பிசுக்கு, கொஞ்சம் பச்சைப் புல். ஆச்சியின் தலையணையில் முகம் புதைத்தவர்களுக்குத் தெரியும்.

இப்படி எத்தனையோ பொருள்கள், ஒவ்வொருவரிடமும் வெவ்வேறு அளவில். அந்தக் கலவைதான் ஆள். அச்சில் வார்த்ததுபோல் ஒரே தோற்றமுள்ள இரட்டையர்களைக்கூட, நன்கு பழக்கிய ஜெர்மன் ஷெப்பர்ட் நாய்கள் பிரித்துக் காட்டின என்று செக் ஆய்வாளர்கள் 2011 இல் எழுதினார்கள். கருவி இன்னும் அந்த அளவுக்கு வரவில்லை. 2023 இல் புளோரிடா சர்வதேசப் பல்கலைக்கழகத்தில் 60 பேரின் உள்ளங்கை மணத்தை, கலவையில் உள்ள பொருள்களைத் தனித்தனியாகப் பிரித்துக் காட்டும் வாயு நிறப்பகுப்புக் கருவியில் ஏற்றி, ஆணா பெண்ணா என்பதை 96.67 வீதம் சரியாகச் சொன்னார்கள். ஆணா பெண்ணா என்பது வேறு, இன்னார் என்பது வேறு.

சரி, போத்தலுக்கு வருவோம். என் முதல் போத்தல் படுதோல்வி. ஊறுகாய்ப் போத்தலைக் கொதிநீரில் கழுவிவிட்டால் போதும் என்று நினைத்தேன். கண்ணாடி சுத்தமாகிவிட்டது. ஆனால் மூடிக்குள் இருக்கும் றப்பர் வளையம் தேசிக்காய் ஊறுகாயை மறக்கவேயில்லை. அதைவிட மோசம், அப்பா குளித்துவிட்டு வந்த கையோடு துணியை ஒற்றி எடுத்தேன். ஒன்று, மணம் முழுவதும் சவர்க்காரத்தோடு போய்விட்டது. இரண்டு, துணி ஈரம். கொழும்பின் புழுக்கத்தில் ஈரத்துணியை மூடி வைத்தால் என்ன நடக்கும் என்று மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுத்தவளே மறந்துவிட்டேன். மூன்றாம் கிழமை பார்த்தால் துணியில் சாம்பல் நிறப் புள்ளிகள், பூஞ்சணம்.

இரண்டாவதைச் செய்த விதம் இது. புதிய கண்ணாடிப் போத்தல்கள் இரண்டு வாங்குங்கள். வாய் அகலமாக, மூடி உலோகமாக இருக்கட்டும். பிளாஸ்டிக் வேண்டாம், அதற்கென்று ஒரு மணம் உண்டு, உள்ளே இருப்பதையும் மெல்ல மெல்ல வெளியே விடும். மணமில்லாத திரவத்தில் கழுவி, கொதிக்க வைத்து, வாயைக் கவிழ்க்காமல் வெயிலில் காய விடுங்கள். பாமசியில் கிருமி நீக்கிய கோஸ் துணி பக்கற் இரண்டு, ஒரு சோடி கையுறை. பவுடர் பூசாத கையுறை என்று கேட்டு வாங்குங்கள்.

நேரம் முக்கியம். விடியற்காலை, ஆள் எழும்பி முகம் கழுவ முன். முதல் நாள் இரவு சித்தாலேப, பவுடர், தலைக்கு எண்ணெய் எதுவும் வேண்டாம். எங்கள் வீட்டில் சித்தாலேப போடாமல் ஒரு இரவைக் கடத்தியதுதான் முழு வேலையிலும் கஷ்டமான பகுதி. காலையில் காற்றாடியைப் போட்டு, தோலில் ஈரம் இல்லை என்று தொட்டுப் பார்த்த பிறகு, கையுறையோடு கோஸை எடுத்து ஒரு கக்கத்தில் மெல்ல அழுத்தி ஒரு நிமிடம் வைத்திருங்கள். தேய்க்கத் தேவையில்லை, வயதானவர்களின் தோல் கடதாசி மாதிரி. அதே துணியால் பிடரியையும் ஒற்றுங்கள். நேரே போத்தலுக்குள். வாய்க்கு அலுமினியத் தாள் ஒன்றை விரித்து அதன்மேல் மூடியை இறுக்குங்கள். தாள் இருந்தால் றப்பர் வளையத்தின் மணம் உள்ளே இறங்காது.

இரண்டாவது போத்தலில் யாரையும் தொடாத புதிய கோஸ் ஒன்றை அதே மாதிரி அடைத்து, "வெறுமை" என்று எழுதி வைத்தேன். கிருமி நீக்கிய துணி என்றால் மணம் நீக்கிய துணி என்று அர்த்தமில்லை. தொழிற்சாலையிலிருந்து அது தன் பங்குக்கு ஏதாவது கொண்டுவரும். நாய்க்கு இது தேவைப்படாது. என்றாவது ஆய்வுகூடத்துக்குப் போனால் தேவைப்படும். இது என் தொழில் வியாதி, நீங்கள் விட்டுவிடலாம்.

போத்தலை இருட்டில், சூடில்லாத இடத்தில் வையுங்கள். அலுமாரி நல்லதுதான், ஆனால் நப்தலீன் உருண்டை போட்ட தட்டில் வைத்துவிடாதீர்கள். சாமி அறையும் வேண்டாம், சாம்பிராணி. வருடத்துக்கு ஒருமுறை மாற்றுவது என்று நான் வைத்திருக்கிறேன். சாப்பாடும் மருந்தும் மாறினால் மணமும் கொஞ்சம் மாறும்.

ஆள் காணாமல் போன அன்று போத்தலைத் தூக்கிக்கொண்டு ஓடுவது முதல் வேலையல்ல. முதல் வேலை பொலிஸ் அவசர இலக்கமான 119. அடுத்தது கடைகளின் சிசிரிவி. பொலிஸ் நாய்ப் பிரிவின் தலைமையகம் கண்டி அஸ்கிரியவில் இருக்கிறது. நாயைக் கூப்பிடுவதா என்பது பொலிஸார் எடுக்கும் முடிவு, ஆனால் போத்தல் இருக்கிறது என்பதை முறைப்பாடு எழுதும்போதே சொல்லுங்கள். கடைசியாக எங்கே எத்தனை மணிக்குக் கண்டீர்கள் என்பதை எழுதி வையுங்கள். அவர் படுத்த கட்டிலை யாரும் உதறி விரிக்கக் கூடாது. துக்கம் விசாரிக்க வருவதுபோல அயலவர்கள் அறைக்குள் வந்து போகவும் கூடாது. போத்தல் இல்லாத வீடுகளுக்குத் தலையணை உறையே போதும். கையால் தொடாமல், சுத்தமான போத்தலுக்குள் இடுக்கியால் போடுங்கள். போத்தலையோ உறையையோ தொட்டவர் நாய் வரும்போது அங்கேயே நிற்க வேண்டும். கண்முன்னே நிற்பவரின் மணத்தைத் தள்ளிவிட்டு, இல்லாதவரின் மணத்தைத் தேடப் பழக்கப்பட்ட நாய்கள் உண்டு.

மணம் காலடியில் கோடு கிழித்ததுபோல் கிடப்பதில்லை. உடம்பின் சூட்டில் காற்று மேலெழும்புகிறது. அதோடு தோலின் செதில்களும் எழும்பி, அங்குமிங்கும் விழுகின்றன. பகலில் கடற்காற்று அவற்றைக் காலி வீதிப் பக்கம் தள்ளும். இரவில் காற்றுத் திரும்பும். மதில் ஓரம், கான், செடிப்பற்றை, இங்கேயெல்லாம் போய்த் தங்கும். அதனால் நாய் ஆள் நடந்த வழியை விட்டு எதிர்ப்பக்க மதிலோரமாக ஓடினால் பிழை என்று நினைத்துவிடாதீர்கள். மத்தியான வெயிலில் தார் வீதி மணத்தை விரைவாக உலர்த்திவிடும், தூறலும் இரவுக் குளிரும் உதவும், அடைமழை கழுவிவிடும். பஸ்ஸிலோ ஓட்டோவிலோ ஏறிவிட்டால் பெரும்பாலும் அந்த இடத்தோடு கதை முடிந்தது. ஆனால் எங்கே ஏறினார் என்று தெரிவதே பெரிய விஷயம்.

இதே மணத்தைக் கொண்டு ஆளைத் தேடுவதோடு நிற்காமல், குற்றவாளி இவர்தான் என்று சொல்லப் போனவர்களும் உண்டு. அங்கேதான் எனக்கு நாயைவிட மனிதர்மேல் சந்தேகம். வீட்டில் ஒரு பரிசோதனை செய்து பாருங்கள், உங்களுக்கே புரியும். ஒரே மாதிரி பெனியன் மூன்று, மூவர், ஒரு இரவு. காலையில் கடதாசிப் பைகளில் போட்டு இலக்கமிடுங்கள். மோந்து பார்ப்பவர் யாருடையது என்று சொல்ல வேண்டும். நாங்கள் முதல் தடவை செய்தபோது இலக்கம் போட்டவர் இவர். தங்கச்சி பிழையான பையில் மூக்கை வைத்தபோதெல்லாம் இவருடைய புருவம் ஏறியது. அவள் மூக்கால் கண்டுபிடிக்கவில்லை, புருவத்தால் கண்டுபிடித்தாள். அடுத்த தடவை இலக்கம் போட்டவரைக் கடற்கரைக்கு அனுப்பிவிட்டோம். மூன்றில் ஒன்றுதான் சரி.

நெதர்லாந்தில் இதுதான் பெரிய அளவில் நடந்தது. சந்தேக நபரும் வேறு சிலரும் கையில் பிடித்திருந்த உருக்குக் குழாய்களை வரிசையாக வைத்து, குற்றம் நடந்த இடத்தின் மணத்தை நாய்க்குக் காட்டிப் பொருத்தச் சொல்வார்கள். எந்தக் குழாய் யாருடையது என்பது நாயை நடத்தியவருக்குத் தெரிந்திருக்கக் கூடாது என்பது விதி. பல சோதனைகளில் தெரிந்தே இருந்தது என்பது பின்னால் வெளிவந்து, பழைய வழக்குகள் கிளறப்பட்டன. நாய் புருவத்தைப் பார்க்காது என்று யார் சொன்னது? 2010 இல் டெக்சஸ் மாநிலத்தின் குற்றவியல் மேன்முறையீட்டு நீதிமன்றம், இப்படியான மண வரிசையை மட்டும் வைத்து ஒருவரைக் குற்றவாளியாக்க முடியாது என்று தீர்த்தது.

இன்னொன்று, ஆளைக் கேட்காமல் எடுக்காதீர்கள். கிழக்கு ஜெர்மனியில் ஸ்டாசி என்ற இரகசியப் பொலிஸ், விசாரணைக்கு வந்தவர்கள் இருந்த கதிரையில் துணியை வைத்து அவர்களின் மணத்தைப் பிடித்து, கண்ணாடிப் போத்தல்களில் அடுக்கி வைத்திருந்தது. அதுவும் போத்தல்தான், இதுவும் போத்தல்தான்.

நான் அப்பாவிடம் கேட்டேன். நீங்கள் தொலைந்தால் தேடுவதற்கு என்று சொன்னேன். "நான் ஏன் தொலையப் போகிறேன், யாழ்தேவியில்தானே போகிறேன்" என்றார். ஆனாலும் கையைத் தூக்கிக் காட்டினார். லேபிளையும் தானே எழுத வேண்டும் என்று பேனையை வாங்கினார். கிளறிக்கல் சேவையில் பழகிய வடிவான சாய்வெழுத்தில் முழுப் பெயர், ஊர், திகதி. வருடம் 1974 என்று போட்டார். அதன் கீழே நான் சின்னதாக இந்த வருடத்தை எழுதினேன்.