போலந்துக் கால்பந்து கிளப்பின் வரலாற்றைப் பிழையில்லாமல் எழுதும் முறை

போலந்து கிளப் ஒன்றின் வரலாற்றை எழுத உட்காருகிறவர்கள் பெரும்பாலும் வென்ற பட்டங்களின் பட்டியலில்தான் தொடங்குகிறார்கள். அதைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள். முதலில் தேவைப்படுவது பெயர் அட்டவணை. அங்கே கிளப்பின் பெயர் மாறும், ஊரின் பெயர் மாறும், லீக்கின் பெயரும் மாறும். சில ஊர்கள் ஒரு நாட்டிலிருந்து இன்னொரு நாட்டுக்கே போயிருக்கின்றன. இந்த அட்டவணை சரியாக அமையாவிட்டால், பிறகு எடுக்கும் ஒவ்வொரு புள்ளிவிவரமும் தவறான கிளப்பின் கணக்கில் போய்ச் சேரும்.

பெயர் அட்டவணை

ஐந்து கட்டங்கள் போடுங்கள்: எந்த ஆண்டு முதல், எந்த ஆண்டு வரை, கிளப்பின் பெயர், ஊரின் அன்றைய பெயர், கிளப்பை நடத்திய அமைப்பு. பயிற்சிக்கு ரூஹ் கிளப்பை எடுத்துக்கொள்ளலாம். அப்போது ஜெர்மனியில் இருந்த மேல் சிலேசியாப் பகுதியின் பிஸ்மார்க்ஹூட்டேயில் 1920 ஏப்ரலில் தொடங்கிய கிளப் அது. 1922இல் அந்தப் பகுதி போலந்துக்கு வந்த பிறகு ஊரின் பெயர் வியெல்கியே ஹைடுகி ஆனது. 1933 முதல் 1936 வரை தொடர்ந்து நான்கு முறையும், 1938இல் ஒரு முறையும் சாம்பியன் ஆனது 'ரூஹ் வியெல்கியே ஹைடுகி'. 1939இல் ஊர் ஹோஷூவ் நகரத்தோடு இணைக்கப்பட்டது. எனவே '1934இன் சாம்பியன் ரூஹ் ஹோஷூவ்' என்று எழுதினால் அது காலப்பிழை. ஜெர்மானிய ஆக்கிரமிப்பின்போது அதே ஊரில் ஆடிய பிஸ்மார்க்ஹூட்டர் எஸ்.வி. 99 அணிக்குத் தனி வரிசை கொடுங்கள். அதன் முடிவுகளைப் போலந்து லீக் கணக்கில் கூட்டக்கூடாது.

அதிகம் தடுமாற வைப்பது 1949 முதல் 1957 வரையிலான காலம். கிளப்புகள் தொழில்துறை விளையாட்டுச் சங்கங்களுக்குள் கொண்டுவரப்பட்டன. காவல்துறைக்கு குவார்டியா, ரயில்வேக்கு கொலெயாஷ், இரசாயனத் தொழிலுக்கு ஊனியா, நெசவுக்கு வூக்னியாஷ், உலோகத் தொழிலுக்கு ஸ்டால், சுரங்கத்துக்கு கூர்னிக். ஒரே பெயரில் ஊருக்கு ஊர் அணிகள் இருந்ததால், 'கொலெயாஷ் வென்றது' என்ற குறிப்பால் எந்தப் பயனும் இல்லை. கொலெயாஷ் போஸ்னான் என்றால் இன்றைய லெஹ். கொலெயாஷ் வார்சா என்றால் போலோனியா வார்சா. குவார்டியா கிராக்கோவ் என்றால் இன்றைய விஸ்வா. இராணுவத்தின் கிளப்பான லெகியா அப்போது சி.டபிள்யு.கே.எஸ். என்ற பெயரில் ஆடியது. 1950களின் நடுவில் பழைய பெயர்கள் ஒவ்வொன்றாகத் திரும்பின. எல்லாக் கிளப்புக்கும் ஒரே தேதியைப் போட்டுவிடாமல் தனித்தனியாகச் சரிபாருங்கள். 1948 டிசம்பரில் தொடங்கிய கூர்னிக் ஜாப்ஷே போன்ற சில கிளப்புகள் அந்தக் காலத்துப் பெயரை இன்றும் வைத்திருக்கின்றன.

தொடக்க ஆண்டு

சின்னத்தில் பொறித்திருக்கும் ஆண்டை அப்படியே எடுத்துக்கொள்ள வேண்டாம். முதல் கூட்டம், முதல் ஆட்டம், அரசுப் பதிவு ஆகிய மூன்றும் பல கிளப்புகளில் வெவ்வேறு ஆண்டுகளில் விழுகின்றன. எதை வைத்துச் சொல்கிறீர்கள் என்பதையும் சேர்த்து எழுதுங்கள். 1918க்கு முன் தோன்றியவற்றைப் பதிவு செய்தது போலந்து அரசு அல்ல: கிராக்கோவும் ல்வூவும் (இன்று உக்ரைனின் ல்விவ்) ஆஸ்திரியாவின் கீழ் இருந்தன, போஸ்னான் ஜெர்மனியின் கீழ் இருந்தது. கிராக்கோவியா, விஸ்வா இரண்டும் 1906ஐச் சொல்கின்றன. தேசியக் கால்பந்து சங்கமான பி.இசட்.பி.என். உருவானதோ 1919 டிசம்பரில்தான்.

நாளிதழ்களில் தேடுவது

தேசிய நூலகத்தின் போலோனா தளமும், சிலேசியா, மாவோபோல்ஸ்கா, வியெல்கோபோல்ஸ்கா ஆகிய வட்டாரங்களின் மின்நூலகங்களும் இலவசம். 1921இல் கிராக்கோவில் தொடங்கிய 'பிஷெக்லாந்த் ஸ்போர்டோவி' இதழ்தான் போருக்கு முந்தைய ஆட்டங்களுக்கு முதன்மையான மூலம். தேடும்போது இரண்டு சிக்கல்கள் வரும். போலிஷ் மொழியில் பெயர்ச்சொல் வேற்றுமைக்கேற்ப உருமாறும்: விஸ்வா ஓரிடத்தில் 'விஸ்வி' என்றும், மற்றோரிடத்தில் 'விஷ்லே' என்றும் நிற்கும். முதல் வடிவத்தை மட்டும் தேடினால் பாதி ஆட்டங்கள் கைக்கு வராது. ஒவ்வொரு வடிவத்தையும் தனியாகத் தேடுங்கள். அடுத்து, குறுக்குக் கோடு போட்ட 'எல்' எழுத்தை ஸ்கேன் மென்பொருள் சாதாரண 'எல்' ஆகவோ 'டி' ஆகவோ படித்துவிடும். அந்தப் பிழையான எழுத்துக்கூட்டலோடும் ஒருமுறை தேடிப் பாருங்கள். ரூஹ் ('இயக்கம்') அன்றாடப் பேச்சுச் சொல்லும்கூட என்பதால், ஊரின் பெயரையும் சேர்த்துத் தேடாவிட்டால் குப்பைதான் வந்து குவியும்.

சிலேசிய வீரர்களின் பெயர்களை ஜெர்மன், போலிஷ் இரு எழுத்துக்கூட்டலிலும் தேட வேண்டும். 1939 மே 21 அன்று வூச் நகரின் யூனியன்-டூரிங் அணியை ரூஹ் 12:1 என்று வென்றபோது 10 கோல் அடித்த எர்னஸ்ட் விலிமோவ்ஸ்கி, பிறகு ஜெர்மனிக்காகவும் ஆடியவர். அங்கே அவர் பெயரில் 'எல்' இரண்டாகும்.

லீக் அட்டவணையைச் சரிபார்ப்பது

தேசிய லீக் பிறந்தது 1927இல். அதற்கு முந்தைய பட்டங்கள் மண்டல வெற்றியாளர்களிடையே நடந்த போட்டிகளில் கிடைத்தவை. 1921இன் முதல் சாம்பியனான கிராக்கோவியாவை 'லீக் சாம்பியன்' என்று எழுதாதீர்கள். 1920 போட்டி போரால் முடிவடையவில்லை, 1924இல் ஒலிம்பிக் காரணமாகப் பட்டம் இல்லை, 1939 பருவம் பாதியில் நின்றது. இவற்றை வெற்றிடமாகவே விடுங்கள். 1962க்கு முன் பருவம் வசந்தத்தில் தொடங்கி இலையுதிர் காலத்தில் முடிந்தது. '1958' என்பதை '1957/58' என்று மாற்றி எழுதினால் எல்லாமே ஓர் ஆண்டு நகர்ந்துவிடும்.

புள்ளிகளைக் கூட்டிப் பார்க்கும் பழக்கம் நல்லது, ஆனால் விதி தெரிந்திருக்க வேண்டும். 1995/96 முதல்தான் வெற்றிக்கு 3 புள்ளி. அதற்கு முன் 2. 1986/87 முதல் 1989/90 வரை, மூன்று கோல் அல்லது அதற்கு மேல் வித்தியாசத்தில் வென்ற அணிக்கு 3 புள்ளி, தோற்ற அணிக்கு ஒரு புள்ளி கழிவு. இது நுட்பமான பொறி: மூன்றில் ஒன்று போனால் இரண்டு என்பதால், 16 அணிகளின் 240 ஆட்டங்களுக்கு மொத்தம் வழக்கம்போல 480தான் வரும், ஒவ்வொரு கிளப்பின் கணக்கு மட்டும் இடிக்கும். 2013/14 முதல் 2016/17 வரை, 30 சுற்று முடிந்ததும் புள்ளிகளைப் பாதியாக்கி மேலும் 7 சுற்று ஆடினார்கள். அந்த நான்கு பருவங்களுக்கும் வெற்றி, சமநிலை எண்ணிக்கையிலிருந்து புள்ளியைக் கணக்கிட முயலாதீர்கள்.

'முதல் லீக்' என்ற சொல்லைக் கண்டால் ஆண்டைப் பாருங்கள். 2008 வரை அது உச்சப் பிரிவு. அதன் பிறகு உச்சப் பிரிவு எக்ஸ்ட்ராகிளாசா ஆகி, 'முதல் லீக்' இரண்டாம் நிலைக்கு இறங்கிவிட்டது.

சர்ச்சைக்குரிய பட்டங்கள்

களத்தில் நடந்தது, சங்கம் தீர்மானித்தது என்று இரண்டு கட்டங்கள் வையுங்கள். 1951இல் லீக்கில் முதலிடம் விஸ்வாவுக்கு. ஆனால் அந்த ஆண்டு சாம்பியன் பட்டம் கோப்பையை வென்றவருக்கு என்பதால், இறுதியாட்டத்தில் விஸ்வாவையே வென்ற ரூஹ் சாம்பியன் ஆனது. 1993இல் கடைசிச் சுற்றில் லெகியா விஸ்வாவை 6:0 என்றும், வூச் நகரின் எல்.கே.எஸ். அணி ஒலிம்பியா போஸ்னானை 7:1 என்றும் வென்றன. அந்த முடிவுகளின் மீது எழுந்த சந்தேகத்தால் பட்டம் மூன்றாமிடத்து லெஹ் அணிக்குப் போனது. இதில் ஒரு தரப்பின் கணக்கை மட்டும் எழுதுவது அநியாயம்.

திவாலாகி மறுபடி எழுந்த கிளப்புகளுக்கும் இதே கவனம் வேண்டும். வூச் நகரின் விட்செவ் கிளப் 2015இல் புதிய சங்கமாகப் பதிவாகி ஐந்தாம் நிலையிலிருந்து தொடங்கியது. சட்டப்படி புதிய அமைப்பு என்பதையும், ரசிகர்களும் சின்னமும் பழைய பட்டங்களைத் தொடர்ந்து சுமக்கின்றன என்பதையும் பெயர் அட்டவணையில் தனித்தனி வரிசையாகவே எழுதுங்கள்.