இயர்பட்ஸில் சட்டென்று சார்ஜ் ஏற்றுவது எப்படி?

ஃபோனுக்கு 65 வாட் சார்ஜர் வாங்கிய பலர், அதே சார்ஜரில் போட்டால் இயர்பட்ஸும் பத்து நிமிடத்தில் நிறைந்துவிடும் என்று எதிர்பார்க்கிறார்கள். நிறையாது. ஃபோன் பேட்டரியின் கொள்ளளவு 5000 எம்ஏஎச் என்றால், ஒரு பக்க பட்ஸுக்குள் இருப்பது பெரும்பாலும் 30 முதல் 60 எம்ஏஎச்தான். பட்ஸை வைத்து மூடும் பெட்டியான கேஸுக்குள் 300 முதல் 600 வரை இருக்கும். இவ்வளவு சின்ன பேட்டரியில் மின்சாரத்தைத் திணித்தால் அது கெட்டுப்போகும். அதனால் எவ்வளவு வாங்குவது என்பதை கேஸுக்குள் இருக்கும் சர்க்யூட்டே முடிவு செய்கிறது. பழைய 5 வோல்ட், 1 ஆம்ப் சார்ஜரே பெரும்பாலான கேஸ்களுக்குத் தாராளம்.

சரி, அப்போது வேகம் எங்கிருந்து வரும்? கேஸிலிருந்து பட்ஸுக்கு ஏறும் சார்ஜ் ஏற்கெனவே வேகமானதுதான். ஏர்பாட்ஸ் ப்ரோவை 5 நிமிடம் கேஸில் வைத்தால் சுமார் 1 மணி நேரம் கேட்கலாம் என்கிறது ஆப்பிள். நம்மூரில் நிறையப் பேர் காதில் பார்க்கும் போட் ஏர்டோப்ஸ் 141-க்கு 5 நிமிடத்தில் 75 நிமிடம் என்று பெட்டியிலேயே போட்டிருக்கிறார்கள். இந்த வேகம் நமக்குக் கிடைக்காமல் போனால், பெரும்பாலும் கேஸ் காலியாகக் கிடக்கும். இல்லையென்றால் பட்ஸ் கேஸுக்குள் சரியாகத் தொட்டிருக்காது. கீழே உள்ள படிகள் எல்லாம் இந்த இரண்டையும் சரிசெய்யத்தான்.

படி 1: எது காலி என்று பாருங்கள்

பட்ஸை கேஸில் வைத்து, மூடியைத் திறந்து ஃபோனைப் பாருங்கள். இடது, வலது, கேஸ் என்று மூன்று சதவீதம் தனித்தனியாகத் தெரியும். சில மாடல்களில் அந்தந்த நிறுவனத்தின் ஆப்பைத் திறந்தால்தான் தெரியும். மலிவான மாடல்களில் கேஸின் சின்ன விளக்கு மட்டுமே துணை. அதன் நிறத்துக்கு என்ன பொருள் என்பதை உள்ளே வந்த காகிதத்தில் பார்த்துக்கொள்ளுங்கள், ஒவ்வொரு நிறுவனமும் ஒவ்வொரு கணக்கு வைத்திருக்கிறது.

கேஸில் 40 சதவீதம் இருந்தும் ஒரு பக்கம் மட்டும் ஏறவில்லையா? அது தொடர்புப் பிரச்சினை, அடுத்த படிக்குப் போங்கள். கேஸே பூஜ்யத்தில் இருக்கிறதா? நேராகப் படி 4.

படி 2: தொடும் புள்ளிகளைத் துடையுங்கள்

பட்ஸின் தண்டிலோ அடியிலோ பொன்னிறத்தில் இரண்டு மூன்று புள்ளிகள் இருக்கும். கேஸின் குழிக்குள் அதற்கு நேராக ஸ்பிரிங் வைத்த சின்ன முட்கள் நீட்டிக்கொண்டிருக்கும். இரண்டும் தொட்டால்தான் சார்ஜ் ஏறும். நம் ஊர் வெயிலில் காதோரம் வழிகிற வியர்வை, தலைக்கு வைத்த தேங்காய் எண்ணெய், காதுக் குறும்பி மூன்றும் சேர்ந்து அந்தப் புள்ளிகள் மேல் மெல்லிய படலமாகப் படியும். கண்ணுக்கு அவ்வளவாகத் தெரியாது. ஃபோன் டார்ச்சை அடித்துச் சாய்த்துப் பார்த்தால் பொன்னிறம் மங்கி, பழுப்போ பச்சையோ தட்டியிருப்பது தெரியும். பச்சை என்றால் வியர்வை உப்பு அரிக்கத் தொடங்கிவிட்டது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

முதலில் உலர்ந்த பஞ்சுக் குச்சியால் புள்ளிகளை மெதுவாகத் தேயுங்கள். போகவில்லை என்றால் மருந்துக் கடையில் கிடைக்கும் ஐசோபுரோபைல் ஆல்கஹாலில் குச்சியின் நுனியை லேசாக நனைத்து, பிழிந்துவிட்டுத் துடையுங்கள். ஒலி வரும் வலைக் கம்பியில் அது படவே கூடாது. குழிக்குள் இருக்கும் முட்களைக் குச்சியால் மெல்ல அழுத்திப் பாருங்கள், உள்ளே போய்த் திரும்ப எழ வேண்டும். ஒன்று மட்டும் எழாமல் அடியிலேயே நின்றால் அழுக்கில் சிக்கியிருக்கிறது. நாலைந்து முறை அழுத்தினால் பெரும்பாலும் விடுபடும். சேஃப்டி பின், ஊக்கு, பின்னல் ஊசி எதையும் கொண்டுபோகாதீர்கள். உலோகம் இரண்டு முட்களை ஒரே நேரத்தில் தொட்டால் ஷார்ட் ஆகிவிடும்.

புதிதாக வாங்கியவர்களுக்கு ஒன்று: பல மாடல்களில் அந்தப் புள்ளிகள் மேல் கண்ணாடி போன்ற ஒரு ஸ்டிக்கர் ஒட்டித்தான் அனுப்புவார்கள். அதை உரிக்காமல் வைத்துவிட்டு "பீஸ் டெட்" என்று கடைக்காரரிடம் சண்டைக்குப் போகிறவர்கள் உண்டு.

படி 3: சரியாக உட்கார வையுங்கள்

பட்ஸை குழிக்குள் விட்டதும் காந்தம் 'டக்'கென்று இழுக்க வேண்டும். இழுக்கவில்லை என்றால் காதில் மாட்டும் ரப்பர் முனையைப் பாருங்கள். வெளியில் தனியாக வாங்கிப் போட்ட பெரிய ரப்பரோ, ஃபோம் முனையோ பட்ஸைக் குழியிலிருந்து ஒரு மயிரிழை தூக்கி நிறுத்திவிடும். முள் தொடாது. பழைய முனையை மாட்டிப் பார்த்தால் உண்மை தெரிந்துவிடும். அப்புறம் மூடியை முழுதாக மூடுங்கள். மூடி திறந்திருந்தால் பட்ஸ் ஃபோனோடு பேசிக்கொண்டே இருந்து ஏறிய சார்ஜைத் தின்னும்.

படி 4: கேபிள் விஷயம்

கேஸை ப்ளக்கில் போடும்போதுதான் பலர் குழம்புகிறார்கள். இப்போது டைப்-சி எங்கும் வந்துவிட்டது. ஐரோப்பிய ஒன்றியத்தில் 2024 டிசம்பர் 28 முதல் விற்கும் இயர்பட்ஸ் கேஸ்களில் டைப்-சி இருந்தே ஆக வேண்டும் என்று சட்டமே போட்டுவிட்டார்கள். ஆனால் துளை டைப்-சியாக இருந்தும், புது ஃபோனோடு வந்த கேபிளில் போட்டால் விளக்கே எரியாத கேஸ்கள் சந்தையில் ஏராளம்.

கோளாறு இதுதான். இரண்டு முனையும் டைப்-சியாக உள்ள கேபிளில், எதிர்முனையில் ஒரு கருவி இருக்கிறது என்று உறுதியான பிறகுதான் சார்ஜர் மின்சாரத்தைத் திறந்துவிடும். 'நான் இருக்கிறேன்' என்று சொல்வதற்குக் கருவிக்குள் 5.1 கிலோ ஓம் ரெசிஸ்டர் (மின்தடை) இரண்டு தேவை. விலை குறைந்த சில கேஸ்களில் காசை மிச்சம் பிடிக்க அதை விட்டுவிடுகிறார்கள். சார்ஜர் காத்துக்கொண்டே இருக்கும், கேஸ் பேசாது.

தீர்வு சுலபம். ஒரு பக்கம் பழைய அகலமான யூஎஸ்பி, மறுபக்கம் டைப்-சி உள்ள கேபிளை எடுத்து, பழைய ஃபோன் சார்ஜரில் போடுங்கள். அந்தக் கேபிளில் சார்ஜர் எதையும் கேட்காது, உடனே 5 வோல்ட் தரும். வீட்டு டிராயரில் தூங்கும் சார்ஜரைக் குப்பையில் போடாமல் இதற்கென்று ஒதுக்கிவிடலாம். அலுவலகத்தில் லேப்டாப் போர்ட்டும் போதும். சாதாரண யூஎஸ்பி 2.0 போர்ட்டே 500 மில்லி ஆம்ப் தரும், பெரும்பாலான கேஸ்கள் அதற்கு மேல் பெரிதாக வாங்குவதில்லை.

பவர் பேங்கில் போட்டு, கொஞ்ச நேரத்தில் தானாக நின்றுவிடுகிறதா? கேஸ் இழுக்கும் மின்சாரம் மிகக் குறைவாக இருப்பதால், எதுவும் மாட்டியில்லை என்று நினைத்து பவர் பேங்க் அணைந்துவிடுகிறது. ஷாவ்மி போன்ற சில பவர் பேங்குகளில் பட்டனை இரண்டு முறை அழுத்தினால் சின்னக் கருவிகளுக்கான முறைக்கு மாறும்.

வயர்லெஸ் சார்ஜிங் பேட், ஃபோனின் முதுகில் கேஸை வைத்து ஏற்றுவது இரண்டும் அவசரத்துக்கு நல்லது. ஆனால் வேகம் வேண்டும் என்றால் கேபிள்தான்.

படி 5: சின்னச் சின்ன இடைவெளிகளைப் பிடியுங்கள்

லித்தியம் பேட்டரி எல்லாமே காலி பஸ்ஸில் கூட்டம் ஏறுவதைப் போல முதலில் மளமளவென்று வாங்கும். 80 சதவீதத்துக்கு மேல் ஒவ்வொன்றாக நெருக்கியடித்து ஏற்றும். அதனால் 100 வரும்வரை காத்திருப்பது அவசரக்காரருக்கு நஷ்டம். குளிக்கப் போகும்போது, சாப்பிட உட்காரும்போது, பல் துலக்கும்போது பட்ஸை மேசையில் போடாமல் கேஸுக்குள் வைத்து மூடுங்கள். பத்து நிமிட இட்லி நேரத்தில் தாம்பரத்திலிருந்து பீச் ஸ்டேஷன் போய்ச் சேர்வதற்கான சார்ஜ் ஏறிவிடும். கேஸை ப்ளக்கில் போடுவது வாரத்தில் ஓரிரு முறை, ராத்திரியில் செய்தால் போதும்.

ஃபோன் பேசுவதே வேலை என்றிருப்பவர்கள் ஒரு காதில் மட்டும் மாட்டிக்கொண்டு, மற்றதைக் கேஸில் வைத்து மாற்றி மாற்றிப் பயன்படுத்தலாம். இன்றைய பெரும்பாலான பட்ஸ்கள் ஒற்றையாகவும் வேலை செய்யும். வெளிச் சத்தத்தை அடக்கும் ஏஎன்சியை அமைதியான இடத்தில் அணைத்துவைத்தால் சார்ஜ் இன்னும் நீளும்.

ஒரே எச்சரிக்கை சூடு. வெயிலில் நிறுத்திய கார் டேஷ்போர்டு, பைக் சீட்டுக்கு அடியில் என்று கேஸை விடாதீர்கள். 45 டிகிரிக்கு மேல் லித்தியம் பேட்டரியில் சார்ஜ் ஏற்றுவது அதன் ஆயுளைக் கடிக்கும். ஜிம்மிலிருந்து வந்ததும் வியர்வையோடு அப்படியே கேஸில் போடுவதும் கூடாது. துணியில் துடைத்து, கொஞ்சம் காற்றாட வைத்துப் பிறகு போடுங்கள்.

இதெல்லாம் செய்தும் ஒரு பக்கம் ஏறவே இல்லை என்றால், காகிதத்தில் சொன்னபடி ரீசெட் செய்து பாருங்கள். அதற்கும் மசியவில்லை என்றால் பில் தேதியைத் தேடி வாரன்டி இருக்கிறதா என்று பாருங்கள். பட்ஸை உள்ளே பசை போட்டு ஒட்டிவிடுவதால் பேட்டரியை மட்டும் மாற்றித் தரும் கடை கிடைப்பது கடினம். ஆப்பிள் போன்ற சில நிறுவனங்கள் ஒரு பக்க பட்ஸையோ, கேஸை மட்டுமோ தனியாக விற்கின்றன. முழு செட்டுக்குப் பணம் கட்டும் முன் சர்வீஸ் சென்டரில் அதன் விலையைக் கேட்டுவிடுங்கள்.