மணிக்கட்டு, கை தமனிக் காயத்துக்குக் கோட் போடுவது எப்படி

அமெரிக்க நோயாளியின் சார்ட்டில் (மருத்துவப் பதிவில்) மணிக்கட்டு வெட்டு வந்தால் முதலில் ஆபரேஷன் குறிப்பைப் படியுங்கள், எந்தத் தமனி என்பது அங்கேதான் தெளிவாக இருக்கும். ஐசிடி-10-சிஎம்மில் (அமெரிக்காவில் நோய்களுக்கும் காயங்களுக்கும் போடும் கோட்களின், அதாவது குறியீடுகளின், பட்டியல்) இதற்கான இடம் எஸ்65. அல்நார் (சுண்டுவிரல் பக்கத் தமனி) என்றால் எஸ்65.0, ரேடியல் (கட்டைவிரல் பக்கத் தமனி) 65.1, உள்ளங்கை வளைவுகளில் மேலோட்டமானது 65.2, ஆழமானது 65.3, கட்டைவிரல் 65.4, மற்ற விரல்கள் 65.5. முன்கையிலேயே அறுந்திருந்தால் இது இல்லை, எஸ்55.

கோடின் ஐந்தாவது இடம் காயத்தின் வகை (வெட்டு என்றால் 1), ஆறாவது பக்கம்: வலது 1, இடது 2. ஆனால் 65.5-இல் ஆறாவது இடம் எந்தக் கை, எந்த விரல் என்று சேர்த்துச் சொல்லும், வலது ஆள்காட்டி விரலுக்கு 0 என்று தொடங்கும், அதனால் பழக்கத்தில் 1 போட்டால் இடது ஆள்காட்டி விரலாகிவிடும்.

கண்ணாடி கிழித்து வலது ரேடியல் தமனி அறுந்தவருக்கு எஸ்65.111ஏ. தோல் காயத்தை விடாதீர்கள், கண்ணாடித் துண்டு உள்ளே இல்லையென்றால் எஸ்61.511ஏ-வும் சேரும். தமனிதான் முக்கியக் காயம் என்றால் அதுவே முதலில். மற்ற காயம்தான் முக்கியம், ரத்தக்குழாயில் லேசான சேதம் மட்டும் என்றால் வரிசை மாறும்.

அப்புறம் கடைசி எழுத்து. ஏ என்றால் முதல் விசிட் என்று பலர் நினைக்கிறார்கள், அப்படியில்லை. காயத்துக்கான சிகிச்சை தீவிரமாக நடக்கும்வரை, வேறு டாக்டர் பார்த்தாலும் 'ஏ' தான். ஆறும் கட்டத்தில் வழக்கமாக வந்து காட்டும்போது டி, பின்விளைவுக்கு எஸ்.